இருபதாவது கரித்துண்டு

நொச்சியேந்தலுக்குப் போய், "பூமயிலு வீட்டுக்கு வழி எது?" என்று யாரையாவது கேட்டுப் பாருங்கள். வழி இல்லை என்பார்கள். சொல்லிவிட்டு, இந்த வருஷம் மழை இல்லை என்று சொன்ன மாதிரி தங்கள் பாட்டுக்கு வேலையைப் பார்ப்பார்கள். வீடு இருக்கிறது. ஓடைக்கு அந்தப் பக்கம் கண்ணுக்கு எதிரேயே இருக்கிறது, கூரைமேல் போட்ட கிழிந்த ஃபிளெக்ஸ் படபடப்பது தெரிகிறது, வாசலில் பூமயிலு நின்று கொண்டையை முடிவது தெரிகிறது, வழிதான் இல்லை. இருந்த வழி ஒரு பங்குனி மாசத்துப் பகலில், ஊரே கூடியிருக்கும்போது, பதினொரு மணிக்குமேல் பன்னிரண்டு மணிக்குள் இல்லாமல் போயிற்று.

அன்றைக்குத்தான் கரைசேர் திட்டத்து ஆட்கள் வந்து ஊர்ப்படம் போட்டார்கள். ஊரிலேயே ரொம்பக் கஷ்டப்படுகிற குடும்பங்களைக் கண்டுபிடித்து, வீட்டுக்கு ரெண்டு வெள்ளாடு கொடுத்து, ஒரு வருஷம் கழித்து அந்த வீடுகளில் படிக்கிற பெண்பிள்ளை ஒருத்தியை நர்ஸ் படிப்புக்கு ஹாஸ்டலோடு இலவசமாக அனுப்பிவைப்பது என்று திட்டம். யார் ரொம்பக் கஷ்டப்படுகிறவர் என்று ஆபீஸரம்மா சொல்லக்கூடாதாம், ஊர்ப் பெண்களே சொல்லவேண்டுமாம், அதையும் வாயால் சொன்னால் சண்டை வரும் என்று தரையில் வரைந்து காட்டவேண்டுமாம். வரைவதற்கு நம் ஆட்களுக்குச் சொல்லித் தரவா வேண்டும்! காளியம்மன் கோயில் களத்தைப் பெருக்கிச் சாணி தெளித்து, கோலமாவில் தெருவையும் கண்மாயையும் ஓடையையும் இழுத்து, காரைவீட்டுக்குச் செங்கல்தூள், ஓட்டுவீட்டுக்கு மஞ்சப்பொடி, ரொம்பக் கஷ்டப்படுகிற வீட்டுக்கு ஒரு கரித்துண்டு என்று வைத்துக்கொண்டே வந்தார்கள்.

கரி கொண்டுவந்தவள் பூமயிலு. சீமைக்கருவேலை வெட்டி, அடுக்கி, மண்ணைப் போட்டு மூடி, மூட்டம் போட்டுக் கரி எடுக்கிற கூலிவேலை அவளுக்கு. புருஷன் மஞ்சக்காமாலையில் போய்ச் சேர்ந்து பதினொரு வருஷம். ஒரே மகள் கார்த்தீஸ்வரி பதினொண்ணாவது படித்துக்கொண்டிருந்தாள். கரிப்புகையில் மூஞ்சியும் நெஞ்சும் கறுத்துப்போன தாய்க்கு, மகள் வெள்ளை உடுப்பு போட்டு ஆசுபத்திரியில் நடக்கவேண்டும் என்று ஒரு ஆசை, அந்த ஒரு ஆசைதான், அதைத் தவிர அவள் சாமியிடம் இதுவரைக்கும் வேறு எதையும் கேட்டதில்லை.

முந்தானை நிறையக் கரித்துண்டை வைத்துக்கொண்டு ஒவ்வொருத்திக்கும் எடுத்துக்கொடுத்தாள். நொச்சியேந்தலில் ஒரு வழக்கம் உண்டு, பந்தியில் பரிமாறுகிறவள் ஊர் சாப்பிட்டு எழுந்த பிறகுதான் தன் இலையைப் போடுவாள், அதற்குமுன் உட்கார்ந்தால் காலத்துக்கும் சொல்லிக் காட்டுவார்கள். அந்த வழக்கத்திலேயே பூமயிலும் எல்லாருக்கும் கொடுத்தாள், தன் வீட்டைக் கடைசியாக வைக்கலாம் என்றிருந்தாள். பத்தொன்பது வீட்டுக்குப் பத்தொன்பது துண்டு போய்விட்டது. ஓடைக்கு அந்தப் பக்கம் தன் வீடு இருக்கவேண்டிய இடத்துக்கு முன்னால் குந்தி முந்தானையை உதறிப் பார்த்தால் தூள்தான் கொட்டியது. தனக்கு மிஞ்சித்தான் தானம் என்று பெரியவர்கள் சும்மாவா சொன்னார்கள்!

"இந்தா, ஒரே ஓட்டமா ஓடியாந்துர்றேன் மதினி, அழிச்சுப்புடாதீக" என்று மகளிர் குழுத் தலைவி பஞ்சவர்ணத்திடம் சொல்லிவிட்டு வீட்டுக்கு ஓடினாள். ஆபீஸரம்மாவுக்கு அடுத்த ஊரிலும் ஒரு படம் பாக்கி. "ஒரு வீடுதானே, பிறகு சேர்த்துக்கலாம்" என்று யாரோ சொன்னார்கள். யார் சொன்னது என்று இன்றைக்கு வரைக்கும் ஒருத்தரும் ஒத்துக்கொள்ளவில்லை. படத்தைப் போட்டோ எடுத்தார்கள், அட்டையில் வரைந்தார்கள், பத்தொன்பது பெண்களும் கையெழுத்துப் போட்டார்கள், ஆபீஸரம்மா முத்திரையைக் குத்தினாள். சரியாக அந்த நேரத்துக்குத்தான், கையில் ஒரு கரித்துண்டோடு பூமயிலு ஓடையில் இறங்கி, மணலில் கால் புதையப் புதைய நாலு எட்டு வைத்து எதிர்க்கரையில் ஏறினாள். ஏறிப் பார்த்தால் தன் வீட்டு வாசலில் நிற்கிறாள்.

வெயிலில் கண்ணைக் கட்டிவிட்டது என்று நினைத்து ஒரு செம்பு தண்ணீரைக் குடித்துவிட்டு மறுபடி இறங்கினாள். மறுபடியும் தன் வீட்டு வாசல். தெற்கே கருவேலங்காட்டு வழியாகப் போய்ப் பார்த்தாள், வீட்டுக்குப் பின்புறம் வந்து சேர்ந்தாள். மேற்கே போனாள், கோழிக்கூட்டுப் பக்கம் வந்து சேர்ந்தாள். "ஆத்தாடி, இதென்ன கூத்து!" என்று அவள் தலையில் கையை வைத்துக்கொண்டு உட்கார, இந்தப் பக்கத்திலிருந்து "என்னம்மா செய்யுற?" என்று கத்திக்கொண்டே கார்த்தீஸ்வரி ஓடையில் இறங்கினாள். இறங்கியவள் கரையேறியது கண்மாய்க்கரையில், பனைமரத்தடியில். மூன்று தடவை இறங்கி மூன்று தடவையும் பனைமரத்தடிக்கே வந்து நின்று அழுதாள்.

ஊர் சும்மா இருந்ததா என்றால் இல்லை. முதல் வாரம் ஊரில் கால் உள்ளவன் எல்லாம் ஒரு தடவை இறங்கிப் பார்த்து, கண்மாய்க்கரைக்குப் போய், வேட்டியை உதறிக்கொண்டு வந்தான். பூசாரி வேப்பிலையோடு போனார், வேப்பிலையோடு கண்மாய்க்கரையில் ஏறினார், "படத்துல இல்லாத எடத்துக்கு ஆத்தா எப்படிப் போவா?" என்று கேட்டுவிட்டு அத்தோடு விட்டுவிட்டார். போலீஸ் ஸ்டேஷனில் போய்ச் சொன்னதற்கு, "காணாமப் போனா எழுதிக்கலாம், கண்ணு முன்னாடி நிக்கிற ஆள எப்படிம்மா எழுதுறது?" என்று கேட்டார்கள். அதுவும் நியாயமாகத்தான் பட்டது. ரெண்டாவது வாரம், மனுஷர்கள்தான் போகமுடியாது, காக்காய் போகும், நாய் போகும், ஆடு போகும், சத்தம் போகும், வீசியெறிந்த பொட்டலம் போகும் என்று கண்டுபிடித்தார்கள். மூன்றாவது வாரம் ரேஷன்கடைக்காரர், கைரேகை விழாவிட்டால் அரிசி போட வழியில்லை என்று சொல்லிவிட, கைரேகை மிஷினை ஒரு கிடாயின் கழுத்தில் கட்டி அனுப்பினார்கள். பூமயிலு கட்டைவிரலை அழுத்தி அழுத்திப் பார்த்தாள். பதினொரு வருஷம் கரி அள்ளிய விரலில் ரேகை எங்கே இருக்கிறது! மிஷின் கீய்ங் கீய்ங் என்று கத்த, கிடாய் மிரண்டு ஓடி, அதைப் பிடிப்பதற்குள் கடைக்காரர் வாயில் வந்ததையெல்லாம் சொன்னார். நாலாவது வாரம் ஊர் அவரவர் வேலையைப் பார்க்கப் போய்விட்டது. வழியில்லாத வீடு நொச்சியேந்தலுக்கு ஒன்றும் புதுசு இல்லை, மேலத்தெருவுக்கே அப்போது ரோடு கிடையாது.

கார்த்தீஸ்வரி பஞ்சவர்ணத்தின் வீட்டில் தங்கினாள். சாயங்காலமானால் ஓடைக்கு இந்தப் பக்கம் அவள், அந்தப் பக்கம் தாய். "சாப்ட்டியாடி?" "சாப்ட்டேன்மா." "என்ன கொழம்பு?" "புளிக்கொழம்பு." "தலைக்கு எண்ணெய் வச்சியா?" இதைத்தான் தினமும் பேசினார்கள், நாளுக்கு நாள் கொஞ்சம் உரக்கப் பேசிப் பழகிக்கொண்டார்கள்.

வைகாசியில் ஆடு வந்தது. பத்தொன்பது வீட்டுக்கு முப்பத்தெட்டு வெள்ளாடு, ஒவ்வொன்றின் காதிலும் மஞ்சள் வில்லை. ஆடு வந்த மூன்றாம் நாளே நொச்சியேந்தல் ஆம்பளைகளில் பாதிப்பேர் அதைக் கறியாகவும் சரக்காகவும் பார்க்க ஆரம்பித்தார்கள். பஞ்சவர்ணத்தின் புருஷன் சோணமுத்து சந்தைக்கு ஓட்டிப்போகக் கயிற்றை அவிழ்க்க, அவள் மறிக்க, அவன் கன்னத்தில் அறைய, அவள் என்ன செய்வதென்று தெரியாமல் ரெண்டு ஆட்டையும் ஓடையில் அடித்து விரட்டிவிட்டாள். ஆடு துள்ளிக்கொண்டு பூமயிலு பக்கம் ஏறிவிட்டது. சோணமுத்து பின்னாலேயே பாய்ந்தான், கண்மாய்க்கரையில் ஏறினான். திரும்பி வந்து பாய்ந்தான், திரும்பவும் கண்மாய்க்கரை. நாலாம் தடவை பனைமரத்தடியிலேயே மல்லாந்துவிட்டான்.

அதைப் பார்த்த பெண்களுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. சிரித்து முடித்ததும் யோசனை வந்தது. மறுநாள் பொழுது சாய்வதற்குள் முப்பத்தெட்டு ஆடும் ஓடைக்கு அந்தப் பக்கம் நின்றது.

பூமயிலுக்கும் அது பெரிய ஆறுதல்தான், பேச்சுத்துணை கிடைத்ததே. கருவேலங்காய் பறித்துப் போட்டாள், ஓடை மணலில் ஊற்றுத் தோண்டித் தண்ணீர் காட்டினாள், குட்டி போடும்போது பக்கத்தில் உட்கார்ந்து வயிற்றை நீவிக்கொடுத்தாள். கூலியென்று பெண்கள் அரிசியும் புளியும் எண்ணெயும் பொட்டலம் கட்டி வீசினார்கள். அடுத்து, தோட்டையும் மூக்குத்தியையும் துணியில் முடிந்து வீசினார்கள், வீட்டுப் பத்திரத்தைப் பாலித்தீன் பையில் சுற்றி வீசினார்கள், பித்தளை அண்டாவை ஒரு ஆட்டின் முதுகில் கட்டி அனுப்பினார்கள். ஆம்பளை கை எட்டாத இடம் நொச்சியேந்தலில் அது ஒன்றுதான். உள்ளதைச் சொல்லவேண்டும், பெண்கள் நிமிர்ந்தார்கள். ஆடு பெருகியது, தேவைப்பட்டபோது ஒரு குட்டியை இந்தப் பக்கம் கூப்பிட்டு அவர்களே விலை பேசி விற்றார்கள், கூரை தகரமாயிற்று, பிள்ளைகள் காலில் செருப்பு ஏறியது, பஞ்சவர்ணத்தின் மேல் சோணமுத்து கை வைத்து ஏழெட்டு மாசம் ஆயிற்று. திட்டத்து ஆடு ஒன்றுகூடக் காணாமல் போகாத ஊர் மாவட்டத்திலேயே இது ஒன்றுதான் என்று பேப்பரில் போட்டார்கள். பேப்பரில் பத்தொன்பது பேரும் வரிசையாக நிற்க, பின்னால் ஓடைக்கு அந்தப் பக்கம் சின்னதாக ஒரு ஆள் தெரிந்தது, அது மரமா மனுஷியா என்று தெரியாது.

பூமயிலு மாசத்துக்கு ஒரு தடவை கேட்பாள். "மதினி, ஆபீஸரம்மா வந்தா நம்ம வீட்டப்பத்தி ஒரு வார்த்தை சொல்லுங்க மதினி. கார்த்தீஸ்வரி பரிச்ச எழுதப்போறா. படத்துல வீடு இருந்தாத்தான நர்சு படிப்புக்கு எடுப்பாக?"

"சொல்லாம இருப்பனா பூமயிலு?" என்பாள் பஞ்சவர்ணம். ஆபீஸரம்மா வருவாள், டீ குடிப்பாள், போவாள். அடுத்த மாசம் கேட்டால், "அன்னைக்கு அவக அவசரமாப் போயிட்டாக" என்பாள்.

இதற்கிடையில் கோயம்புத்தூர்ப் பக்கத்து மில்லுக்குப் பிள்ளை பிடிக்கிற ஏஜெண்டு ஊருக்குள் வந்தான். மூன்று வருஷம் மில்லுக்குள்ளேயே தங்கி வேலைபார்த்தால் கல்யாணத்துக்கு ஒரு தொகை தருவதாக நோட்டீஸ் கொடுத்தான். போன வருஷம் போன மேலத்தெருப் பிள்ளை ஒன்று பஞ்சு நெஞ்சில் அடைத்து, இருமலோடு திரும்பிவந்து படுத்திருக்கிறது. ஏஜெண்டுக்குச் சோணமுத்து, கார்த்தீஸ்வரியைக் கைகாட்டிவிட்டான், "வைகாசி கடைசில வந்து கூட்டிட்டுப் போங்க, தாய் இல்லாத பிள்ளை மாதிரிதான்" என்று சொன்னானாம். அது பூமயிலு காதுக்கும் வந்தது. "எம்மவ கரி அள்ளவும் கூடாது, பஞ்சு திங்கவும் கூடாது" என்று ஆடுகளிடம் சொன்னாள். அதுகளிடம்தான் சொல்லமுடியும்.

மறுவருஷம் வைகாசி மூன்றாம் செவ்வாய்க்கிழமை காலையில் படத்தைச் சரிபார்க்கிற கூட்டம். களத்தில் பந்தல், மைக்செட், வந்தவர்களுக்குப் பன்னீர் தெளிப்பு. பூமயிலு விடிந்ததிலிருந்து ஓடைக்கரையில் நின்றாள், தலை சீவி, இருந்ததில் நல்ல சேலையைக் கட்டியிருந்தாள். ஆபீஸரம்மா மைக்கில் கேட்டது அவளுக்குத் தெளிவாகக் கேட்டது.

"போன வருஷப் படத்துல ஏதாவது வீடு விட்டுப்போச்சா? பத்தொன்பது பேரும் கை தூக்கினா இப்பவே சேர்த்துடலாம்."

பத்தொன்பது பேரும் தரையைப் பார்த்தார்கள்.

"இங்கன ஒரு வீடு இருக்கும்மா!" என்று பூமயிலு அடிவயிற்றிலிருந்து கத்தினாள். "இருபதாவது வீடு! இந்தா, என்னயப் பாருங்கம்மா!"

ஆபீஸரம்மா திரும்பிப் பார்த்தாள். "அது யாரு?"

"ஆடு மேய்க்கிற பொம்பளைங்கம்மா" என்றாள் பஞ்சவர்ணம். "நம்ம ஊரு இல்ல."

"எங்கம்மா அது!" கார்த்தீஸ்வரி கூட்டத்துக்கு நடுவே எழுந்துவிட்டாள். "யத்தே, ஏன் பொய் சொல்றீக? எங்கம்மாதான!"

ஆபீஸரம்மா நல்ல மனுஷிதான். அட்டைப் படத்தை விரித்து, ஓடைக்கு அந்தப் பக்கம் விரலை வைத்துத் தேடினாள், வெள்ளையாக இருந்தது. பிறகு எல்லாரையும் பார்த்து மெதுவாகக் கேட்டாள். "வீடு இருக்குன்னா கை தூக்குங்கம்மா." ஒரு கையும் எழவில்லை. மடியில் கிடந்த கைகளை ஒவ்வொருத்தியும் இன்னொரு கையால் பிடித்துக்கொண்டிருந்தாள். ஏழை சொல் அம்பலம் ஏறாது என்பார்கள், இங்கே அம்பலத்தில் உட்கார்ந்திருந்ததும் ஏழைகள்தான். ஆபீஸரம்மா டீ குடிக்கக் கால்மணிநேரம் விட்டாள்.

பஞ்சவர்ணம் ஓடைக்கரைக்கு வந்தாள். அவளைப் பார்த்ததும் பூமயிலு ஒரு கல்லை எடுத்துவிட்டாள்.

"நீ நல்லா இருப்பியாடி? ஒங்க ஆட்டையெல்லாம் எம்பிள்ளையாட்டம் பாத்தேனேடி! ஒண்ணையும் விடமாட்டேன் பாத்துக்க, தோடு, அண்டா, பத்திரம் ஒண்ணையும் தரமாட்டேன், எல்லாத்தையும் மூட்டத்துல போட்டுக் கொளுத்துறேன்!"

"கொளுத்து" என்றாள் பஞ்சவர்ணம். அவளும் அழுதுகொண்டுதான் இருந்தாள். "ஒன்னயப் படத்துல போட்டா ஒன் வீட்டுக்கு வழி வந்துரும் பூமயிலு. வழி வந்துட்டா அவரும் வந்துருவாரு, எல்லாப் பயலும் வந்துருவான். நாங்க பத்தொன்பது பேரும் மறுபடி பழைய கெணத்துக்குள்ளதான் விழணும். நான் என்ன செய்ய? நான் பாவிதான். என்னால கையத் தூக்க முடியல."

பூமயிலு கல்லைக் கீழே போட்டாள். பஞ்சவர்ணத்தின் கன்னத்தில் போன வருஷத்து அடியின் தழும்பு அக்கரைக்குக்கூடத் தெரிந்தது.

"அப்ப எம்மவ? மில்லுக்கா?"

"அதுக்கு ஒரு வழி இருக்குன்னு ஆபீஸரம்மா சொல்றாக. தாய் தகப்பன் இல்லாத பிள்ளைகளுக்குன்னு நர்சு படிப்பு பாரத்துல தனியா ஒரு கட்டம் இருக்காம், அதுக்குப் படமும் வேணாம், கையும் தூக்க வேணாமாம். இன்னைக்கே முத்திரை குத்திருவாக. அடுத்த வாரமே ஹாஸ்டலு."

ஒரு குட்டி வந்து பூமயிலு சேலையைக் கடித்து இழுத்தது, அதை அவள் விலக்கவில்லை.

"அவக எழுதுனா அது அப்படியே ஆயிருமே மதினி."

"ஆயிரும்" என்றாள் பஞ்சவர்ணம்.

கார்த்தீஸ்வரியைக் கூப்பிடச் சொன்னாள். பிள்ளை ஓடிவந்து, "மாட்டேம்மா, நான் மில்லுக்கே போறேன், மூணு வருஷந்தான" என்றது. பூமயிலுக்கு வந்ததே கோபம்.

"செருப்பால அடிப்பேன்! மூணு வருஷத்துல நெஞ்சடைச்சுச் சாகவா ஒன்னயப் பெத்தேன்? நீ அங்க நிக்கிறதும் நான் இங்க கெடக்குறதும் ஒண்ணாடி? ஒருத்தியாச்சும் போய்த் தொலையணும்ல? போ. கேட்டாக்க இல்லன்னு சொல்லு. அழுகாம சொல்லு, அழுதா அந்தம்மா எழுதமாட்டாக."

"ஒன்னய மறந்துருவேனேம்மா."

"மறந்துட்டுப் போ. நான் மறக்கலைல்ல, அது போதும்." கொஞ்சம் பொறுத்து, "செத்தத் திரும்பு, பாப்போம்" என்றாள். மகள் திரும்பி நின்றாள். முதுகில் ரெட்டைச்சடை, ஒரு ரிப்பன் அவிழ்ந்து தொங்கியது. "அதக் கட்டிக்க. இந்தப் பக்கம் திரும்பு. கையைக் காட்டு. பல்லைக் காட்டு." சொன்னதையெல்லாம் பிள்ளை செய்தது. தாய் ஓடை அகலத்துக்கு எட்டிப் பார்த்துக்கொண்டே இருந்தாள், பார்த்து முடிவதாக இல்லை. மைக்கில் பெயரைக் கூப்பிட்டார்கள்.

"அப்பா பேரு?"

"சிவனாண்டி. இறந்துட்டாரு."

"அம்மா?"

மைக் கொஞ்ச நேரம் வெறுமனே இரைந்தது.

"இல்ல" என்றாள் கார்த்தீஸ்வரி. முத்திரை விழுகிற சத்தமும் மைக்கில் கேட்டது.

அன்றைக்குச் சாயங்காலம் கார்த்தீஸ்வரி ஓடைக்கரைக்கு வரவில்லை. பூமயிலும் கூப்பிடவில்லை. கூப்பிட்டுப் பார்க்கப் பயமாக இருந்தது. ஒருவேளை இந்தத் தடவை எழுதினபடி ஆகாமல் போயிருக்கலாம், வெட்கத்தில் வராமல் இருக்கலாம் என்று நினைத்துக்கொள்ள ஒரு இடம் வேண்டுமே. ஒரு வாரம் முழுக்க அந்த இடத்திலேயே குடியிருந்தாள். பெண்கள் வழக்கமாக எறிகிற அரிசியோடு வெல்லம், வடை, ஒரு புதுச்சேலை என்று என்னென்னவோ எறிந்தார்கள், ஒருத்தியும் நின்று பேசவில்லை. தோட்டையும் பத்திரத்தையும் அவள் கொளுத்தவும் இல்லை, ஆட்டை விரட்டவும் இல்லை. அதுகள் என்ன பாவம் செய்தன!

எட்டாம் நாள் காலையில் கார்த்தீஸ்வரி புதுப் பையோடு பஸ்ஸுக்குக் கிளம்பினாள். வழியனுப்ப வந்த பெண்கள் ஓடையை நெருங்கியதும் வேகமாக நடந்தார்கள். பிள்ளை நின்றுவிட்டது. கண்ணுக்கு மேல் கையை வைத்து அக்கரையைப் பார்த்தது, மலர்ச்சியாக, வேடிக்கை பார்க்கிற முகத்தோடு பார்த்தது.

"ஏங்கக்கா! இம்புட்டு ஆட்டையும் நீங்க ஒருத்தியாவா மேய்க்கிறீக?"

பஞ்சவர்ணம் முந்தானையை வாயில் வைத்து அடைத்துக்கொண்டாள். பூமயிலு கையிலிருந்த தொரட்டிக்கம்பைக் கெட்டியாக ஊன்றிக்கொண்டாள்.

"ஆமா தாயி."

"ஊருக்குள்ளயெல்லாம் வரமாட்டீகளா?"

"இங்கனயே பழகிருச்சு. நீ எங்க தாயி கெளம்பிட்ட?"

"நர்சுக்குப் படிக்கப் போறேங்கக்கா!"

"போ, போ. நல்லா இரு. தலைக்கு எண்ணெய் வச்சுக்க. பஸ்ஸு வந்துரும், விட்டுறாத."

"சரிங்கக்கா" என்று சிரித்துவிட்டு, கார்த்தீஸ்வரி ரோட்டைப் பார்த்து ஓடினாள்.